கேட்ட படத்துக்கு ஓட்டுப் போடலாமா?

படத்தைப் பார்க்காத ஒருவர் அந்தப் படத்துக்கு ஓட்டுப் போடலாமா? கேட்ட மாத்திரத்தில் கூடாது என்றுதான் யாருக்கும் வாயில் வரும். எங்கள் வாசகர் வட்டத்திலும் ஏறக்குறைய எல்லாருக்கும் அப்படித்தான் வந்தது. எனக்கு வரவில்லை. மாதங்கள் ஓடிய பிறகும் அந்த ஒரு சீட்டு மனசில் கிடந்து உறுத்திக்கொண்டே இருக்கிறது. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

முக்கூடல் பக்கம், தாமிரபரணியை ஒட்டியது எங்கள் ஊர். ஞாயிற்றுக்கிழமை சாயந்திரங்களில் கூடிப் புத்தகம் பேசுகிற சின்ன வட்டம் எங்களுடையது. சென்னையில் வேலை பார்க்கிற பையன் ஒருவன் பொங்கலுக்கு வந்திருந்தபோது எம்பயர் விருதைப் பற்றிச் சொன்னான். லண்டனில் 1989-இல் தொடங்கிய சினிமாப் பத்திரிகை அது. 1996 முதல் 2018 வரை வருஷா வருஷம் விருது விழா நடத்தினார்கள். படங்களைத் தேர்ந்தெடுத்தது நடுவர் குழு இல்லை, பத்திரிகையின் வாசகர்கள். நடுவில் நகைச்சுவைப் படத்துக்கென்றே தனி விருதையும் சேர்த்துக்கொண்டார்கள். இதைக் கேட்டதும் எல்லாருக்கும் உற்சாகம் வந்துவிட்டது. நாமும் ஒன்று நடத்தினால் என்ன? தமிழில் இதுவரை வந்த நகைச்சுவைப் படங்களில் ஆகச் சிறந்தது எது என்று ஊரையே கேட்போம் என்று முடிவானது. டீக்கடையில் ஒரு பெட்டி, நூலகத்தில் ஒரு பெட்டி. பீடி சுற்றுகிற தெருக்களுக்கு நானே சீட்டை எடுத்துக்கொண்டு போவதாக ஏற்பாடு.

சீட்டின் அடியில் ஒரு நிபந்தனை அச்சாகியிருந்தது. கொட்டகையிலோ டிவியிலோ முழுதாகப் பார்த்த படத்துக்கு மட்டுமே ஓட்டுப் போட வேண்டும். ஓய்வுபெற்ற எங்கள் தமிழய்யா சேர்க்கச் சொன்ன வரி அது. அன்றைக்கு யாரும், நான் உட்பட, அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. நியாயமான வரியாகத்தான் பட்டது.

அழ வைத்தால்தான் விருதா?

நகைச்சுவைக்கு மட்டும் ஏன் தனியாக ஓட்டு என்று சிலர் கேட்டார்கள். எனக்கு அதில் சந்தேகமே இருந்ததில்லை. மற்ற படங்களுக்கு நடுவர்கள் இருக்கிறார்கள், சிரிப்புப் படத்துக்கு ஜனங்களை விட்டால் யாரும் இல்லை. தேசிய விருதுகளில் நகைச்சுவைப் படத்துக்கென்று ஒரு பிரிவு கிடையாது. தமிழக அரசு நகைச்சுவை நடிகருக்கு விருது தருகிறது, ஆனால் அது ஆளுக்குத் தருவது. அதுவும் எப்போது கைக்கு வரும் என்று சொல்ல முடியாது. 2009 முதல் 2014 வரையிலான ஆறு வருஷத்து விருதுகளை 2017-இல் மொத்தமாக அறிவித்தார்கள்.

நாகேஷை நினைத்தால் எனக்கு இன்றும் மனசு ஆறவில்லை. 1960-களில் அவர் இல்லாத படம் எது என்று தேடிப் பார்க்க வேண்டும். தமிழ்நாடே அவரைப் பார்த்துச் சிரித்தது. அந்தச் சிரிப்புக்கெல்லாம் கிடைக்காத தேசிய விருது, 1994-இல் ‘நம்மவர்’ படத்தில் மகளைப் பறிகொடுத்து நிலைகுலைந்து போகும் அப்பாவாக நடித்ததற்குக் கிடைத்தது. அந்த நடிப்பு அபாரம்தான், மறுக்கவில்லை. ஆனால் சிரிக்க வைத்தவனை அழுத பிறகுதான் கண்ணுக்குத் தெரிகிறது என்றால், பார்க்கிற கண்ணில் ஏதோ கோளாறு இருக்கிறது.

வாசகர் ஓட்டு என்றால் மட்டும் எல்லாம் சரியாகிவிடும் என்றும் சொல்ல முடியாது. 1954-இல் ஃபிலிம்ஃபேர் விருது தொடங்கியபோது அதுவும் வாசகர் ஓட்டுத்தான். ஐந்தே பிரிவுகள். முதல் வருஷம் சிறந்த படமாக ஜனங்கள் தேர்ந்தெடுத்தது ‘தோ பீகா ஜமீன்’. நிலத்தை மீட்கக் கல்கத்தாவுக்குப் போய் ரிக்‌ஷா இழுக்கிற விவசாயியின் கதை, நெஞ்சைப் பிசையும் படம். சிறந்த படம் எது என்று பொதுவாகக் கேட்டால் ஜனங்களும் கனமான படத்தைத்தான் சொல்வார்கள். உன்னைச் சிரிக்க வைத்தது எது என்று தனியாகக் கேட்க வேண்டும். எம்பயர்காரர்கள் அப்படிக் கேட்டார்கள்.

கேட்டதற்கு வந்த பதில்களைப் பார்த்தால் ஒன்று பிடிபடுகிறது. 2008-இல் ‘ஹாட் ஃபஸ்’, 2011-இல் ‘ஃபோர் லயன்ஸ்’, 2012-இல் ‘தி இன்பிட்வீனர்ஸ் மூவி’, 2015-இல் அதன் இரண்டாம் பாகம். நான்குமே பிரிட்டிஷ் படங்கள். ஹாலிவுட்டின் பெரிய சிரிப்புப் படங்கள் எல்லாம் அந்த ஊர்க் கொட்டகைகளிலும் ஓடத்தான் ஓடின. ஆனாலும் அந்த வருஷங்களில் ஜனங்கள் தங்கள் பேச்சு, தங்கள் ஊர், தங்கள் தெருப் பையன்கள் இருக்கிற படத்துக்கே கை தூக்கியிருக்கிறார்கள். ‘ஹாட் ஃபஸ்’ படத்தை எட்கர் ரைட் தான் வளர்ந்த வெல்ஸ் ஊரிலேயே எடுத்தார். சிறந்த கிராமம் என்ற பட்டத்தைத் தக்கவைத்துக்கொள்ள ஊர்ப் பெரியவர்கள் கொலை வரைக்கும் போகிற கதை அது. சொந்த ஊர்ப் பெருமையைச் சொந்த ஊரிலேயே வைத்துச் சிரித்த படத்துக்கு அந்த நாட்டு ஜனங்கள் விருது கொடுத்தார்கள் என்பது எனக்கு ரொம்பப் பிடித்திருக்கிறது.

நமக்கு இது புதிதில்லை. பணகுடிக்காரர் நெல்லை சிவா, வடிவேலுவோடு வந்த கிணறு காணாமல் போன காட்சியில் இன்ஸ்பெக்டராகப் பேசுவாரே, அதில் சிரிப்புப் பாதி வசனத்தில் இருக்கிறது, மீதி அவருடைய இழுவையில் இருக்கிறது. அதே வசனத்தை வேறு யார் பேசியிருந்தாலும் பாதிதான் தேறும். 2021 ஏப்ரலில் விவேக் போனார், மே மாதம் சிவா போனார். இரண்டு பேருமே எங்கள் சீமைக்காரர்கள். அந்த இரண்டு மாதமும் எங்கள் டீக்கடையில் வேறு பேச்சே இல்லை.

ஆச்சியின் சீட்டு

ஓட்டு எண்ணிய அன்று ‘காதலிக்க நேரமில்லை’ வென்றது. யாருக்கும் ஆச்சரியம் இல்லை, எனக்கும் வருத்தம் இல்லை. 1964-இல் ஸ்ரீதர் எடுத்த படம். இன்றைக்குப் போட்டாலும் வீட்டில் மூன்று தலைமுறையும் சேர்ந்து உட்காருகிறது. அதில் வருகிற டி. எஸ். பாலையா அன்றைய திருநெல்வேலி மாவட்டத்துச் சுண்டங்கோட்டைக்காரர் என்பதில் எங்களுக்குத் தனிப் பெருமையும் உண்டு.

பேச்சு கிளம்பியது தள்ளிவைத்த சீட்டுகளில்தான். ஒரு சீட்டில் ‘திருவிளையாடல், தருமி’ என்று பள்ளிக்கூடப் பிள்ளையின் கையெழுத்து. பீடித் தெருவில் ஒரு ஆச்சி சொல்லச் சொல்லப் பேத்தி எழுதிக்கொடுத்த சீட்டு. கீழே நிபந்தனைக்குப் பக்கத்தில், யாரும் கேட்காமலே, ‘படம் பார்க்கவில்லை, கேட்டிருக்கிறேன்’ என்றும் எழுதியிருந்தது. தமிழய்யா கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு இரண்டு காரணங்களைச் சொன்னார். ஒன்று, அது பக்திப் படம், நகைச்சுவைப் படம் இல்லை. இரண்டு, வோட்டரே பார்க்கவில்லை என்று எழுதிக் கொடுத்திருக்கிறார். எதிலும் அவசரப்படாத மனுஷன் அவர். “நாளைக்குப் போயி அவங்களையே ஒரு வார்த்த கேட்டுருவோம்” என்றார்.

போனோம். தெருவில் நிழல் விழுந்த பக்கமாக நாலைந்து பெண்கள் மடியில் சுளகோடு உட்கார்ந்திருந்தார்கள். ஆச்சிக்கு எழுபதைத் தாண்டியிருக்கும். வெட்டிய இலையை எடுத்து, தூளை வைத்து, உருட்டி, நூலைச் சுற்றி, தலையை மடக்கி விடுகிற அந்தக் கை நாங்கள் பேசிய நேரம் முழுக்க ஒரு தடவைகூட நிற்கவில்லை. கண்ணும் இலையை விட்டு நகரவில்லை. ஒரு பீடி சொத்தையாக இருந்தால் கடையில் கழித்துப் போடுவார்கள், கூலியில் பிடிப்பார்கள்.

“ஆச்சி, இந்தப் படத்த நீங்க பாத்ததே இல்லையா?”

“பாக்கலய்யா. கேட்டிருக்கேன்.”

“டிவியில அடிக்கடி போடுவானே?”

“போடுவான். உக்காந்து பாத்துக்கிட்டு இருந்தா ஆயிரம் பீடிய யாரு சுத்துவா? அது பாட்டுக்கு ஓடும், நா கேட்டுக்கிட்டே வேலையப் பாப்பேன். கேட்டது காணாதாய்யா?”

தமிழய்யா பதில் சொல்லவில்லை. ஆச்சி காத்திருக்கவும் இல்லை, அவராகவே தொடங்கிவிட்டார். ஆயிரம் பொற்காசு தனக்கு இல்லாமல் போய்விடுமே என்று தருமி மண்டபத்தில் தனியாகப் புலம்புகிற இடம். அப்புறம் சிவபெருமான் வந்து நிற்க, தருமி கேட்கக் கேட்கப் பதில் விழுகிற இடம். இரண்டு குரல். தருமிக்கு மூச்சு முட்டுகிற அவசரம், எதிர்க்குரலுக்குக் கனம். எங்கே நிறுத்த வேண்டும், எங்கே ஒரு இமைப்பொழுதும் விடாமல் பதிலைப் போட வேண்டும் என்பதெல்லாம் பிசகாமல் வந்தது. சுற்றி இருந்த பெண்களுக்கு ஒவ்வொரு வரியும் மனப்பாடம், அப்படியும் சிரித்தார்கள். ஒரு பெண்ணுக்குப் புரையேறிவிட்டது. எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. தமிழய்யாவும் வாய்விட்டுச் சிரித்தார். வகுப்பில் குறுந்தொகையின் இரண்டாம் பாட்டு நடத்துகிற அன்று, அந்தப் பாட்டுக்குச் சொல்லப்படுகிற தருமி கதையையும் சேர்த்துச் சொல்லிப் பையன்களைச் சிரிக்க வைத்தவர் அவர்.

சிரித்து முடித்துவிட்டு, “எல்லாஞ் சரிதான் ஆச்சி. ஆனா நிபந்தனைன்னு ஒண்ணு போட்டுட்டோமே” என்றார்.

“அப்ப எஞ்சீட்ட என்ன செய்வீய?”

அந்தக் கேள்விதான் என்னை விடவில்லை. வெறும் பரிசுப்போட்டிச் சீட்டு, அதற்குப் போய் இப்படியா என்று சிலர் சொன்னார்கள். எனக்கு அது அப்படிப் படவில்லை. அந்தத் தெருவில் அன்று சாயந்திரம் நடந்ததை விட ஒரு நகைச்சுவைக்குப் பெரிய சாட்சி என்ன இருக்கிறது? 1965-இல் வந்த படம். அதைக் கண்ணால் பார்க்காத ஒருவர், கையில் வேலையை வைத்துக்கொண்டே, நாலு பேரைச் சிரிக்க வைக்கிறார். நாங்கள் எண்ணிய சீட்டுகளில் இப்படிச் செய்து காட்டக்கூடியவர்கள் எத்தனை பேர் இருப்பார்கள்?

கொடையும் குழாயும்

வெளியூர்க்காரர்களுக்கு இது விசித்திரமாகத் தெரியலாம். எங்கள் பக்கத்தில் வளர்ந்தவர்களுக்குத் தெரியும், சினிமா எங்களிடம் முதலில் காது வழியாகத்தான் வந்தது. ஊர்க் கோயில் திருவிழாவான கொடைக்குக் கால்நாட்டினால் மைக்செட்காரர் வந்துவிடுவார். பனையிலும் வேம்பிலும் ஒலிபெருக்கிக் குழாயைக் கட்டி ஊர் முழுக்கக் கேட்கும்படி திருப்பி வைப்பார். காலையில் சாமி பாட்டு, பிறகு சினிமாப் பாட்டு. மத்தியானம் சாப்பாடு முடிந்து ஊர் கொஞ்சம் அசருகிற நேரத்தில் கதைவசனம் போடுவார். படத்தின் வசனத்தை மட்டும் இசைத்தட்டிலும் கேசட்டிலும் விற்ற காலம். வயலில் நின்றவரும், துவைக்கப் போனவரும், பீடி சுற்றியவரும் ஒரே நேரத்தில் ஒரே இடத்தில் சிரிப்பார்கள். ஒரு படம் ஊரையே கொட்டகையாக்கிவிடும், டிக்கெட் கிடையாது. வானொலியில் ஒலிச்சித்திரம் போட்டாலும் இதே கதைதான். திருநெல்வேலிக் கொட்டகைகளான ரத்னாவுக்கும் பூர்ணகலாவுக்கும் போய்ப் படம் பார்த்தவர்கள் உண்டு. பஸ்சுக்கும் டிக்கெட்டுக்கும் காசு கொடுத்து, ஒரு நாள் பீடிக் கணக்கையும் விட்டுவிட்டுப் போக எத்தனை பெண்களால் முடிந்திருக்கும்?

சினிமாவுக்கு முன்னாலும் எங்கள் சிரிப்புக் காதில்தான் இருந்தது. வில்லுப்பாட்டில் அண்ணாவி கதையைச் சொல்லிக்கொண்டு வர, பக்கப்பாட்டுக்காரர் “ஆமா” போடுவார். அந்த “ஆமா”வை எப்படிப் போடுகிறார் என்பதில் இருக்கிறது சிரிப்பு. ஒப்புக்கொண்டு ஒரு ஆமா, நம்பாமல் ஒரு ஆமா, மாட்டிவிட்டு ஒரு ஆமா. நடுச்சாமத்தில் பாதித் தூக்கத்தில் பாயில் கிடக்கிற பிள்ளைகளும் கண்ணைத் திறக்காமலே சிரிக்கும். இந்த மண்ணில் வளர்ந்த ஆச்சிக்கு, தருமியும் சிவனும் மாறி மாறிப் பேசுவது வில்லுப்பாட்டைப் போல நேராகக் காதுக்குள் போய் உட்கார்ந்ததில் ஆச்சரியம் என்ன?

இதற்கு எதிராகச் சொல்ல ஒன்று இருக்கிறது, தமிழய்யா அதைச் சொன்னார். ‘காதலிக்க நேரமில்லை’யில் நாகேஷ் பேய்ப்படக் கதை சொல்கிற இடத்தில் உயிர் பாலையாவின் முகத்தில் இருக்கிறது. மிரண்டு, ஒடுங்கி, நாற்காலிக்குள் சுருங்குகிற அந்த முகத்தைக் காதால் எப்படிப் பார்ப்பாய் என்று கேட்டார். நல்ல கேள்வி. அன்று ராத்திரி அந்தக் காட்சியைப் போட்டுவிட்டுத் திரும்பி உட்கார்ந்து கேட்டேன். கதவு கிறீச்சிடுவது, காலடி, காற்று எல்லாவற்றையும் நாகேஷ் வாயாலேயே போடுகிறார். நடுநடுவே பாலையாவிடமிருந்து ஒரு திணறல். முகம் இல்லாததால் கொஞ்சம் நஷ்டம்தான், அதை மறுக்க மாட்டேன். ஆனாலும் சிரித்தேன். நஷ்டம் இரண்டு பக்கமும் இருக்கிறது. படமாகப் பார்க்கிறபோது அந்தக் காலடியை நான் இவ்வளவு கவனித்ததே இல்லை.

மீம் பார்த்த பையன்கள்

தமிழய்யாவின் கடைசி வாதம் கனமானது. ஆச்சியை விட்டால் பிளஸ் டூ பையன்களையும் விட வேண்டும் என்றார். அவர்களில் பலர் ‘ஃப்ரெண்ட்ஸ்’ படத்துக்கு ஓட்டுப் போட்டிருந்தார்கள். முழுப் படத்தையும் பார்த்தீர்களா என்று நேரில் கேட்டால் நெளிந்தார்கள். அவர்களுக்குத் தெரிந்தது நேசமணி. 2001 படத்தில் தலையில் சுத்தியல் விழுந்த காண்டிராக்டர் நேசமணிக்காக 2019 மே மாதம் உலகமே பிரார்த்தனை செய்ததே, அந்த நேசமணி. ஃபேஸ்புக்கில் சுத்தியல் படத்தைப் போட்டு உங்கள் ஊரில் இதற்கு என்ன பெயர் என்று யாரோ கேட்க, ஒரு தமிழர் வேடிக்கையாகப் பதில் போடப் போய்க் கிளம்பியது அது. அந்தப் பையன்கள் துண்டு துண்டாகப் பார்த்தவர்கள்.

விடுவோம் என்றுதான் நான் சொன்னேன், இப்போதும் சொல்கிறேன். நம் சினிமாவில் சிரிப்பை அப்படித்தானே செய்து கொடுத்தார்கள்? கதை ஒரு பக்கம் போகும், காமெடி டிராக் ஒரு பக்கம் போகும். கவுண்டமணி, செந்தில் காட்சிகளை எழுத ஏ. வீரப்பன் என்று தனி ஆளே இருந்தார். 1989-இல் வந்த ‘கரகாட்டக்கார’னின் வாழைப்பழத்துக்கும் அந்தப் படத்தின் காதலுக்கும் என்ன சம்பந்தம்? வாழைப்பழத்தைத் தனியே எடுத்துப் போட்டாலும் அது முழுசாக நிற்கிறது. ராத்திரி பகலாகக் காட்சிகளை மட்டுமே போட்டு இரண்டு டிவி சேனல்கள் ஓடுகின்றன. அழுகைப் படத்தில் கடைசிப் பத்து நிமிஷத்தைத் தனியாகப் பார்த்தால் கண்ணீர் வராது, அதற்கு முன்னால் உள்ள இரண்டு மணி நேரமும் வேண்டும். சிரிப்புக்கு அது வேண்டியதில்லை. அப்படி இருக்கும்போது சிறந்த நகைச்சுவைப் படம் எது என்று கேட்டது எங்கள் கேள்வியில் இருந்த குறை. பக்திப் படத்துக்கு நடுவில் இருக்கிற தருமிக்கு அந்தக் கேள்வியில் இடமே கிடையாது. 2016-இல் கோல்டன் குளோபில், செவ்வாய்க் கிரகத்தில் தனியாக மாட்டிக்கொண்டவனைப் பற்றிய ‘தி மார்ஷியன்’ நகைச்சுவை, இசைப் படப் பிரிவில் விருது வாங்கியது. பிரிவுக்குள் படத்தைத் திணித்தால் அப்படித்தான் ஆகும்.

ஆகவே அடுத்த தடவைக்கு இரண்டு மாற்றம் கேட்டிருக்கிறேன். படத்துக்குப் பதிலாகக் காட்சிக்கு ஓட்டு. பார்த்திருந்தாலும் கேட்டிருந்தாலும் செல்லும். சந்தேகம் வந்தால் ஓட்டுப் போட்டவரை அந்தக் காட்சியைச் சொல்லிக் காட்டச் சொல்லலாம், அதை விடப் பெரிய அத்தாட்சி தேவையில்லை. முதல் மாற்றத்துக்குத் தமிழய்யா உடனே தலையாட்டிவிட்டார். இரண்டாவதற்கு இன்னும் இல்லை. சினிமா கண்ணுக்கு உண்டானது என்கிறார். செல்வத்துள் செல்வம் செவிச்செல்வம் என்று எங்களுக்குச் சொல்லிக்கொடுத்ததே நீங்கள்தானே ஐயா என்றேன். அது வேற, இது வேறலா என்றார். சீட்டு அச்சுக்குப் போக நாள் இருக்கிறது. வருகிற ஞாயிற்றுக்கிழமை கூட்டத்தில் மறுபடியும் இதைத்தான் எடுக்கப் போகிறேன், ஆச்சியையும் வரச் சொல்லியிருக்கிறேன்.